இரண்டு பாம்புகள் காத்த வாசல்

பொன்னால் ஆன நீள்வட்டப் பதக்கம் அது. அதில் வெளிர்நிறப் பாம்பு ஒன்று, கரிய பாம்பு ஒன்று. ஒன்றின் வாலை மற்றொன்று கவ்வியபடி வளைந்து கிடக்கும். பதக்கத்தைத் திருப்பிப் பார்த்தால், அணிந்தவன் தன் விருப்பம்போலச் செய்யலாம் என்று பொருள்படும் நான்கே சொற்கள், சுழித்த எழுத்தில். பெயர் ஔரின். அது புழங்கும் உலகத்தில் அந்தப் பெயரை யாரும் சட்டென்று வாயில் எடுக்க மாட்டார்கள். ஆபரணம் என்றோ, ஒளி என்றோ சுற்றிவளைத்துத்தான் சொல்வார்கள்.

அந்த உலகத்தின் பெயர் ஃபந்தாசியன். ஜெர்மன் எழுத்தாளர் மிஹாயேல் எண்டே 1979இல் வெளியிட்ட 'முடிவில்லாக் கதை' நாவலில் வருவது. கேட்டதெல்லாம் தரும் மணிகளும் மரங்களும் நம் கதைகளுக்குப் புதிதல்ல. சிந்தாமணியும் கற்பக மரமும் கேட்டவனிடம் கூலி கேட்பதில்லை. ஔரின் கேட்கிறது. அணிந்தவன் மனதில் நினைத்தது கண்முன் நடந்துவிடும். அதற்கு ஈடாக அவனுடைய ஞாபகங்களில் ஒன்று கழன்று போய்விடும். போனது எது என்றுகூட அவனுக்குத் தெரியாது, ஏனென்றால் அதுதான் மறந்துவிட்டதே. மந்திரச் சின்னங்களைப் பற்றிய கதைகளில் இத்தனை நேர்மையான ஒரு விலைப்பட்டியலை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

பாம்புச் சின்னம் எண்டேவுக்கு வெகு முன்பிருந்தே பயணத்தில் இருக்கிறது. தன் வாலைத் தானே கவ்வும் பாம்பை, கிறிஸ்துவுக்கு முன் 14ஆம் நூற்றாண்டில் எகிப்து அரசன் துத்தன்காமுனுக்குச் செய்த பொன் தகடு போர்த்திய பேழைகளில் ஒன்றில் பார்க்கலாம். பிறகு கிரேக்க ரசவாதிகளின் ஏடுகளுக்குள் புகுந்தது. 1890இல் பெர்லினில் தனக்கு எடுத்த பாராட்டு விழாவில் வேதியியலாளர் அவுகுஸ்ட் கெக்குலே ஒரு கதை சொன்னார்: கணப்படுப்பின் முன் கண்ணயர்ந்தபோது அணுக்கள் பாம்பாக நெளிந்தன, அதில் ஒரு பாம்பு தன் வாலையே கவ்விச் சுழன்றது, விழித்து எழுந்து பென்சீனின் வளைய அமைப்பை எழுதி முடித்தேன் என்றார். கனவு பற்றிய அந்தப் பேச்சை அறிவியல் வரலாற்றாசிரியர்கள் சிலர் நம்புவதில்லை. ஆனால் 1865இல் அவர் முன்வைத்த வளையம் உண்மை. இன்றைய சாயங்களுக்கும் மருந்துகளுக்கும் அதுவே அடித்தளம். எண்டே இந்தப் பழைய சின்னத்தில் செய்த மாற்றம் ஒன்றுதான். ஒற்றைப் பாம்பை இரண்டாக்கினார். தன்னைத் தானே விழுங்கும் பாம்பு போய், ஒன்றையொன்று விடாமல் பிடித்து வைத்திருக்கும் இரண்டு பாம்புகள் வந்தன. கதையின் முடிச்சு முழுக்க அங்கே இருக்கிறது.

ஔரினின் உரிமையாளர் ஃபந்தாசியனின் குழந்தைப் பேரரசி. தந்தக் கோபுரத்தில் வாழும் அவள் பெயர் தெரியாத ஒரு நோயில் படுத்திருக்கிறாள். அவள் நலியும்போதே உலகமும் அழிகிறது. சூனியம் ஒன்று பரவி ஊர்களையும் காடுகளையும் இல்லாமல் ஆக்கிக்கொண்டு வருகிறது. இடிபாடு இல்லை, பள்ளம் இல்லை. அந்த இடத்தைப் பார்த்தால் கண் குருடானதைப்போல் இருக்கும், அவ்வளவுதான். பேரரசி தன் பதக்கத்தைக் கைரோன் என்ற கிழட்டு மருத்துவரிடம் கொடுத்து அனுப்புகிறாள். பாதி மனிதன், பாதிக் குதிரையான அவர் நெடுந்தூரம் ஓடி, புல்வெளிக் கடல் என்னும் தேசத்தில் எருமை வேட்டைக்குப் போயிருந்த பத்து வயதுச் சிறுவன் அத்ரேயுவின் கழுத்தில் அதைப் போடுகிறார். ஆயுதம் எடுக்கக் கூடாது. நல்லது கெட்டது என்று தீர்ப்புச் சொல்லக் கூடாது. தேட வேண்டும், கேட்க வேண்டும். இவை நிபந்தனைகள். பேரரசியின் பெயரால் எதையும் கேட்கும் அதிகாரம் கழுத்தில் தொங்குகிறது, ஆனால் தனக்கென்று எதையும் அவன் கேட்க முடியாது.

முதல் சோதனை துயரச் சதுப்பில் வருகிறது. அங்கே காலடி வைப்பவர்களின் மனதில் சோகம் ஏறும், ஏற ஏற உடல் சேற்றில் இறங்கும். ஔரினை அணிந்ததால் அத்ரேயுவைச் சோகம் தீண்டவில்லை. அவனுடைய குதிரை ஆர்ட்டாக்ஸுக்கு அந்தக் காப்பு இல்லை. கழுத்துவரை புதைந்துவிட்ட குதிரையின் மேல் பதக்கத்தைப் போட அவன் துடிக்கும்போது, பேசத் தெரிந்த அந்தக் குதிரை தடுக்கிறது. உனக்குக் கொடுத்ததை உன் இஷ்டத்துக்குப் பிறருக்குக் கொடுக்க உனக்கு அனுமதி இல்லை என்று சொல்கிறது. தான் மூழ்குவதை அவன் பார்க்கக் கூடாது, போய்விடு என்றும் கேட்டுக்கொள்கிறது. சினிமாவில் பார்த்தவர்கள் கதறி அழுத காட்சி இது. ஆனால் படத்தில் குதிரை வாயில்லா ஜீவன். நாவலில் அது சட்டத்தைத் தன் எசமானனைவிடச் சரியாகப் புரிந்துகொண்ட உயிர். அந்தப் பதக்கத்தைச் சொந்தப் பாசத்துக்காகக்கூடப் பயன்படுத்தலாகாது என்பதை, சாகப்போகும் ஒரு குதிரையின் வாயால் எண்டே சொல்ல வைத்தார்.

அத்ரேயுவிடமிருந்து ஒருமுறை ஔரின் நழுவிவிடுகிறது. காற்று அரக்கர்கள் நான்கு பேர் வானத்தில் மோதிக்கொள்ளும் நடுவில், ஃபூஹூர் என்ற வெண்ணிற அதிர்ஷ்ட டிராகனின் முதுகிலிருந்து அவன் கடலில் விழுகிறான். பதக்கமும் கடலடியில் போய்ச் சேருகிறது. அது இல்லாமல் அவன் ஆவிகளின் நகரத்துக்குள் நுழைகிறான். அங்கே சங்கிலியில் கட்டுண்டு சாகக் கிடக்கும் குமோர்க் என்ற ஓநாய்மனிதன் அவனிடம் ஒரு ரகசியத்தைச் சொல்கிறான். சூனியத்துக்குள் விழும் ஃபந்தாசியன் உயிர்கள் அழிந்துபோவதில்லை. அவை மனிதர்களின் உலகத்தில் பொய்களாகப் போய்ப் பிறக்கின்றன. இல்லாத பகைவனைக் கண்டு அஞ்ச வைக்கும் பொய், தேவையில்லாததை வாங்க வைக்கும் பொய், ஆட்சியில் இருப்பவனுக்கு வசதியான பொய். கற்பனை செத்தால் அந்த இடத்தில் உண்மை வந்து உட்காரும் என்று நினைப்பவர்களுக்கு எண்டே தந்த பதில் இது. செத்த கற்பனையின் பிணம்தான் பிரச்சாரம் என்கிறார்.

இதைச் சொல்ல அவருக்கு உரிமை இருந்தது. 1929இல் பிறந்த எண்டே நாஜி ஆட்சியில் வளர்ந்தவர். தந்தை எட்கர் எண்டே சர்ரியலிச ஓவியர். 1936இல் அவருடைய படங்களைச் சீரழிந்த கலை என்று முத்திரை குத்தி நாஜி அரசு தடை விதித்தது. 1944இல் முனிச் நகரத்தின் மேல் விழுந்த குண்டுகளில் அவருடைய கூடம் எரிந்து, வாழ்நாள் உழைப்பில் பெரும்பகுதி சாம்பலானது. மகனுக்கு அப்போது 14 வயது. போருக்குப் பின் ஜெர்மானிய இலக்கிய உலகம் அரசியலும் சமூக யதார்த்தமும் பேசும் எழுத்தையே மதித்தது. கற்பனைக் கதை எழுதுபவன் வாழ்க்கையிலிருந்து தப்பி ஓடுபவன் என்ற ஏச்சைக் கேட்டுக் கேட்டுச் சலித்த எண்டே, 1971இல் ரோம் நகருக்கு அருகிலுள்ள ஜென்சானோவில் குடியேறினார். 'முடிவில்லாக் கதை' எழுதப்பட்டது அங்கேதான்.

ஃபூஹூர் கடலுக்குள் பாய்ந்து ஒளியைப் பார்த்து ஔரினை மீட்கிறது. அத்ரேயு அதைத் தந்தக் கோபுரத்துக்குத் திரும்பக் கொண்டுபோகிறான். பேரரசிக்குப் புதுப் பெயர் வேண்டும். அதை ஃபந்தாசியனில் பிறந்தவர் எவரும் வைக்க முடியாது, மனிதக் குழந்தைதான் வைக்க வேண்டும். அந்தக் குழந்தை யார் என்றால், இதே கதையைப் பள்ளிக்கூடத்துப் பரணில் ஒளிந்திருந்து படித்துக்கொண்டிருக்கும் பாஸ்டியன் பால்தசார் புக்ஸ். தாயை இழந்தவன், சக மாணவர்களின் கேலிக்கு ஆளானவன், மழைக்கு ஒதுங்கிய பழைய புத்தகக் கடையிலிருந்து அந்தப் புத்தகத்தைத் திருடி வந்தவன். செம்பு நிறப் பட்டு அட்டை போட்ட அந்தப் புத்தகத்தின் மேல் இருப்பதும் அதே இரண்டு பாம்புகள். அதாவது முதல் பக்கத்தைத் திறக்கும் முன்னரே ஔரின் அவன் கைக்கு வந்துவிட்டது.

அவன் தயங்குகிறான். குண்டான, கோழையான என்னைப் பார்த்தால் பேரரசி என்ன நினைப்பாள் என்ற கூச்சம். அவனை வரவழைக்கப் பேரரசி அலையும் மலையின் முதியவரிடம் போகிறாள். நடப்பதையெல்லாம் நடக்கும் கணத்திலேயே எழுதிக்கொண்டிருப்பவர் அவர். கதையை முதலிலிருந்து படிக்கச் சொல்கிறாள். பாஸ்டியன் கடைக்குள் நுழைவது, திருடுவது, படிப்பது, தயங்குவது, முதியவர் மறுபடி முதலிலிருந்து படிப்பது என்று கதை தன் வாலைத் தானே கவ்விச் சுழலத் தொடங்குகிறது. அட்டையில் இருந்த சின்னம் இப்போது கதையின் நடையாகவே மாறிவிட்டது. தாங்க முடியாமல் பாஸ்டியன் பெயரைக் கத்துகிறான். நிலவின் பிள்ளை என்று பொருள்படும் பெயர். அடுத்த கணம் உள்ளே இருக்கிறான். நாவலுக்கு மொத்தம் 26 அத்தியாயங்கள், ரோஸ்விதா குவாட்ஃபிளீக் வரைந்த ஏ முதல் இசட் வரையான அலங்கார எழுத்துகளோடு தொடங்குபவை. பாஸ்டியன் உள்ளே விழுவது 12ஆம் அத்தியாயத்தின் முடிவில். சரிபாதி நெருங்கும் இடம்.

பேரரசி மறைந்துபோகிறாள். பதக்கம் மட்டும் பாஸ்டியனின் மார்பில் தொங்குகிறது. எஞ்சியிருப்பது ஒரே ஒரு மணல் துகள் அளவுள்ள உலகம். அவன் ஆசைப்பட ஆசைப்பட அது விரிகிறது. இருளில் ஒளிரும் பெரெலின் காடு முளைக்கிறது. விடிந்ததும் அது பொடிந்து வண்ண மணல் பாலைவனமாகிறது. பாலைவனத்தின் அரசன் கிராவோக்ரமான் என்ற சிங்கம். பதக்கத்தின் பின்னாலிருக்கும் சொற்களைக் காட்டி, தோன்றியதையெல்லாம் செய்யலாம் என்றுதானே பொருள் என்று பாஸ்டியன் கேட்கிறான். சிங்கத்தின் முகம் கடுமையாகிறது. உன் ஆழத்தில் இருக்கும் உண்மையான விருப்பம் எதுவோ அதைச் செய்யச் சொல்கிறது, அதைவிடக் கடினமானது எதுவும் இல்லை என்கிறது. பாஸ்டியனுக்கு அது காதில் ஏறவில்லை.

அழகாக வேண்டும் என்று நினைக்கிறான், அழகனாகிறான். தான் குண்டாக இருந்ததே மறந்துபோகிறது. பலம் கேட்கிறான், துணிச்சல் கேட்கிறான், புகழ் கேட்கிறான். ஒவ்வொன்றும் கிடைக்கிறது, பின்னால் ஒவ்வொரு கதவாகச் சாத்திக்கொள்கிறது. பதக்கம் தீங்கு செய்வதாக இதில் எனக்குத் தோன்றவில்லை. குண்டாக இருந்ததை நினைவு வைத்திருப்பவன்தான் அழகை விரும்ப முடியும். ஆசை ஊறுவது குறையின் ஞாபகத்திலிருந்து. ஞாபகம் ஒரு கிணறு என்றால், ஒவ்வொரு ஆசையும் அதிலிருந்து இறைத்த நீர். ஔரின் புதிதாக எதையும் படைக்கவில்லை. பாஸ்டியனிடம் இருந்ததைத்தான் வேறு வடிவத்தில் அவன் முன் வைக்கிறது.

ஆபத்தை அறிந்தவர்கள் அத்ரேயுவும் ஃபூஹூரும். எடுத்துச் சொல்லிப் பயனில்லாமல் போகவே, ஓர் இரவில் பதக்கத்தைத் திருடியாவது நண்பனைக் காப்பாற்ற அத்ரேயு முயல்கிறான். பிடிபட்டுத் துரத்தப்படுகிறான். சயீதே என்ற சூனியக்காரியின் பேச்சைக் கேட்டு பாஸ்டியன் பேரரசியின் இடத்தில் முடிசூடிக்கொள்ளத் துணிகிறான். தந்தக் கோபுரத்தின் அடியில் போர் மூள்கிறது, கோபுரம் எரிகிறது, பாஸ்டியனின் வாள் அத்ரேயுவின் மார்பைக் கிழிக்கிறது. ஆயுதம் எடுக்காமல் ஔரினைச் சுமந்தவனின் உடலில், ஔரினை அணிந்தவன் ஏற்படுத்திய காயம்.

காயப்பட்ட அத்ரேயுவைத் துரத்திச் செல்லும் வழியில் பாஸ்டியன் போய்ச் சேருவது பழைய பேரரசர்களின் நகரம். அவனுக்கு முன் ஃபந்தாசியனுக்கு வந்து, எல்லா ஞாபகங்களையும் செலவழித்துவிட்டு, திரும்பவும் முடியாமல் ஆசைப்படவும் முடியாமல் கிடக்கும் மனிதர்கள் அங்கே இருக்கிறார்கள். ஞாபகம் இல்லாததால் ஆசை இல்லை, ஆசை இல்லாததால் மாற்றம் இல்லை, வயதுகூட ஏறுவதில்லை. அவர்களை மேய்க்கும் ஆர்காக்ஸ் என்ற குரங்கு அவர்களுக்கு ஒரு விளையாட்டு கற்றுக்கொடுத்திருக்கிறது. எழுத்துகள் பொறித்த பகடைகளை உருட்டி, விழுந்தபடி வரிசையாக அடுக்குவது. எப்போதாவது தற்செயலாக ஒரு சொல் வரும். காலம் முழுக்க உருட்டினால் எல்லாக் கதைகளும் ஒருநாள் வந்துவிடும் என்கிறது குரங்கு. அத்தியாயங்களை வரிசைப்படுத்தி நடத்திவரும் அதே 26 எழுத்துகள்தான் இங்கே பொருளற்ற கட்டைகளாக உருள்கின்றன. எழுத்தைவிடப் பெரிய மந்திரச் சின்னம் கிடையாது. ஆனால் எழுதுபவனுக்கு நினைவில்லை என்றால் அது வெறும் பகடை. நாவலில் என்னை அதிகம் அச்சுறுத்திய பக்கங்கள் இவையே.

மிச்சமிருக்கும் ஆசைகளைப் பாஸ்டியன் இனிமேல்தான் எண்ணிச் செலவு செய்கிறான். ஐயுவோலா என்ற தாய்மை நிறைந்த பெண்ணின் வீட்டில் அன்பு கிடைக்கிறது. அங்கே பெற்றோரின் ஞாபகம் போகிறது. பெற்ற அன்பு நிறைந்தபோது, தானும் யாரையாவது நேசிக்க வேண்டும் என்ற ஆசை எழுகிறது. அதுதான் சிங்கம் சொன்ன உண்மையான விருப்பம். அதற்குக் கொடுக்க அவனிடம் எஞ்சியிருப்பது சொந்தப் பெயர் ஒன்றுதான்.

யாரை நேசிப்பது? பனிவெளியில் யோர் என்பவரின் சுரங்கத்தில் அதற்கு விடை இருக்கிறது. யோர் வெளிச்சத்தில் குருடர், இருட்டில் கண் தெரிபவர். சுரங்கத்தில் கிடைப்பது மனிதர்கள் கண்டு மறந்த கனவுகள். மூச்சுப் பட்டால் நொறுங்கும் மெல்லிய பளிங்குத் தகடுகளாக அவை அடுக்கடுக்காய்க் கிடக்கின்றன. கண்ட கனவு எதுவும் வீணாவதில்லை; மறந்த கனவுகளின் மேல்தான் ஃபந்தாசியன் முழுவதும் நிற்கிறது என்கிறார் யோர். கும்மிருட்டில், பூமிக்கடியில், கையால் தடவித் தடவிப் பாஸ்டியன் நாள்கணக்கில் தோண்டுகிறான். கடைசியில் ஒரு படம் கிடைக்கிறது: வெள்ளை அங்கி அணிந்த ஒருவர், கையில் பல்வரிசையின் அச்சு, முகத்தில் கவலை, அவரைச் சுற்றிக் கண்ணாடி போன்ற பனிக்கட்டி. பல் கட்டும் தொழில் செய்யும் அவனுடைய தந்தை. பாஸ்டியனுக்கு அது யாரென்று தெரியாது. இருந்தும் அந்த மனிதருக்காக நெஞ்சு வலிக்கிறது. அந்தக் கணத்தில் அவன் பெயர் போய்விடுகிறது.

இந்த அத்தியாயத்தில் எண்டே தன் தந்தையைத் தோண்டி எடுக்கிறார். எட்கர் எண்டே ஓவியம் வரையும் முன் கூடத்தை இருட்டாக்கிக்கொண்டு, எண்ணங்கள் அடங்கும்வரை காத்திருந்து, உள்ளே எழும் படிமத்தைக் குறித்துக்கொள்பவர். சுரங்கத்தில் பாஸ்டியன் காணும் படங்கள் சில அவருடைய ஓவியங்களை ஒத்தவை. 1944இல் எரிந்துபோனவற்றை மீட்க வேறு வழி மகனுக்கு இருக்கவில்லை. மறந்த கனவும் எங்கோ அடியில் பத்திரமாக இருக்கிறது என்று எழுதினார். நான் இதை ஆறுதல் வார்த்தையாக எடுத்துக்கொள்ளவில்லை, ஒரு மகனின் பிடிவாதமாகவே வாசிக்கிறேன்.

பிறகு அந்தப் படமும் நொறுங்கிவிடுகிறது. பெயரற்ற பையனாகப் பனியில் நிற்கும்போது, காயப்பட்ட அத்ரேயுவும் ஃபூஹூரும் வந்து சேர்கிறார்கள். பாஸ்டியன் கழுத்திலிருந்து ஔரினைக் கழற்றி அவர்கள் முன் பனியில் வைக்கிறான். நாவல் முழுக்கப் பதக்கத்தை அடையப் போரிட்டவர்கள் உண்டு, கைவிட்டவர் எவரும் இல்லை. வைத்ததும் ஒளி வெடிக்கிறது. கண் திறந்து பார்த்தால் மூவரும் ஔரினுக்குள் இருக்கிறார்கள். மலைபோன்ற இரண்டு பாம்புகள் ஒன்றையொன்று கவ்விப் படுத்திருக்கின்றன. அவற்றின் நடுவே உயிர்நீரின் ஊற்று. அவை ஒன்றையொன்று விட்டால் உலகம் அழிந்துவிடும். அவன் உலகமெல்லாம் தேடிய வெளிவாசல் இத்தனை நாளும் அவன் மார்பிலேயே தொங்கிக்கொண்டிருந்தது. பெயரைச் சொல்லத் தெரியாதவனுக்காக அத்ரேயு பெயர் சொல்கிறான். அவன் தொடங்கி முடிக்காமல் விட்ட கதைகளையெல்லாம் தானே முடிப்பதாகப் பொறுப்பேற்கிறான். பாஸ்டியனை வெளியே கொண்டுவரும் வழி எண்டேவுக்கே நெடுங்காலம் பிடிபடவில்லை. ஔரினே வாசல் என்று தெரிந்த பிறகுதான் நாவல் முடிந்தது.

அதன்பின் ஔரின் திரைக்குப் போனது. வொல்ஃப்காங் பீட்டர்சன் இயக்கிய படம் 1984இல் வந்தது. அதில் பாம்புகள் பின்னிப் பிணைந்த அழகான வடிவம் பெற்றன. இன்று கடைகளில் விற்கும் பதக்கங்களும் உடலில் குத்திக்கொள்ளும் பச்சைகளும் பெரும்பாலும் அந்த வடிவமே. படம் நாவலின் முதல் பாதியோடு நின்றுவிட்டது. ஆசை நிறைவேறுகிறது, டிராகன் மேல் ஏறிப் பையன் தன்னைச் சீண்டியவர்களை விரட்டுகிறான், சுபம். எண்டே கொதித்துப்போய் வழக்குத் தொடர்ந்தார், தோற்றார். 1990இல் வந்த இரண்டாம் படம் ஞாபக இழப்பைச் சேர்த்துக்கொண்டது. ஆனால் அங்கே ஞாபகத்தைத் திருடுவது சூனியக்காரி வைத்திருக்கும் ஓர் இயந்திரம். முதல் படம் பாதியை விட்டது, அதை மன்னித்துவிடலாம். இரண்டாவது செய்தது பெரிய பிழை. ஆசையின் விலையை ஆசைப்பட்டவன் தலையிலிருந்து இறக்கி, ஒரு வில்லியின் தலையில் கட்டிவிட்டது.

எண்டே 1995இல் காலமானார். முனிச் வால்ட்ஃபிரீட்ஹோஃப் கல்லறைத் தோட்டத்தில் அவர் சமாதியின் மேல் வெண்கலத்தில் வார்த்த பெரிய புத்தகம் ஒன்று நிற்கிறது. அவருக்கான அருங்காட்சியகம் அதே நகரத்தில், புளூட்டன்பர்க் கோட்டையிலுள்ள பன்னாட்டு இளையோர் நூலகத்தில் 1998 முதல் இருக்கிறது. நாவல் 40க்கும் மேற்பட்ட மொழிகளுக்குப் போயிருக்கிறது. ரால்ஃப் மான்ஹைமின் ஆங்கில மொழிபெயர்ப்பு 1983 முதல் கிடைக்கிறது. படத்தை மட்டும் பார்த்தவர்கள் அதை வாங்கி 13ஆம் அத்தியாயத்திலிருந்தாவது படியுங்கள். வீட்டில் பத்து வயதுப் பிள்ளை இருந்தால் சேர்ந்து படியுங்கள். சுரங்கம் வரும் 25ஆம் அத்தியாயத்தை மட்டும் அவசரப்படாமல் படியுங்கள்.